தாது வருஷத்தைத் தேடிப் போன வழிகள்

எங்கள் வீட்டில் யாராவது தட்டில் தலையைக் கவிழ்த்து அவசரமாகச் சாப்பிட்டால் பாட்டி, "தாது வருசத்துல பொறந்தவனாட்டம் திங்கறான் பாரு" என்பார். சேலம் மாவட்டத்தில் ஆத்தூர்ப் பக்கம் எங்கள் ஊர். பாட்டி பிறப்பதற்கு ஐம்பது ஆண்டுகளுக்கு முன்பே வந்து போன பஞ்சம் அது. 1876-இல், தமிழ் ஆண்டுக் கணக்கில் தாது வருஷத்தில், மழை பொய்த்து, 1878 வரை சென்னை மாகாணத்தை வாட்டியது. பாட்டிக்கு அந்தச் சொல் அவருடைய பாட்டியிடமிருந்து வந்திருக்க வேண்டும். பசியைப் பார்த்தவர்கள் யாரும் உயிரோடு இல்லாத காலத்திலும் சொல் மட்டும் சோற்றுத் தட்டைச் சுற்றியே இருந்திருக்கிறது.

சில ஆண்டுகளுக்கு முன் அந்தப் பஞ்சத்தைப் பற்றி ஒழுங்காகப் படித்துவிடுவது என்று முடிவு செய்தேன். கதையாக இல்லாமல், நடந்ததை நடந்தபடி சொல்லும் புத்தகங்கள் வேண்டும். எங்கே தேடுவது? மனிதர்கள், வரலாறு, சமூகம் பற்றிய புத்தகங்களை எப்படிக் கண்டுபிடிப்பது என்று இப்போது என்னிடம் கேட்பவர்களுக்கு நான் இந்த ஒரு தேடலைத்தான் விவரிக்கிறேன். கேள்வி ஒன்றுதான், போன வழிகள் பல. எது கொடுத்தது, எது கைவிட்டது என்பது அதிலேயே தெரிந்துவிடும்.

முதலில் இணையக் கடை. கையில் இருக்கும் போனிலேயே முடிந்துவிடுகிற வேலை என்பதால் எல்லோரும் அங்கேதான் தொடங்குவோம். அபுனைவு என்ற பிரிவுக்குள் போனால் சுயமுன்னேற்றமும் பங்குச்சந்தையும் முதல் பக்கங்களை நிறைத்துக்கொள்கின்றன. "பஞ்சம்" என்று தேடினால் நாவல்கள் வருகின்றன. மற்றவர்கள் எதை அதிகம் வாங்கினார்களோ அதைத்தான் கடை முன்னால் வைக்கும். யாரும் அதிகம் வாங்காத ஒன்றைத் தேடுகிறவனுக்கு அங்கே வழியில்லை. ஆனால் புத்தகத்தின் பெயர் தெரிந்த பிறகு இணையக் கடையைப் போல உதவும் இடம் வேறில்லை. சின்னப் பதிப்பகம் 300 பிரதி அச்சிட்ட புத்தகம்கூட ஆத்தூருக்கு வந்து சேர்ந்துவிடுகிறது. அதாவது, வாங்க நல்ல இடம், கண்டுபிடிக்க அல்ல.

சமூக ஊடகப் பட்டியல்களுக்கும் ஏறக்குறைய இதே கதிதான். "கட்டாயம் படிக்க வேண்டிய பத்து வரலாற்று நூல்கள்" என்று வருகிற பட்டியல்களில் ஏழு எப்போதும் அதே ஏழுதான். நல்ல புத்தகங்கள்தான், அதில் குறையில்லை. ஆனால் என் கேள்விக்குப் பட்டியல் போடுகிறவர் பதில் சொல்ல முடியாதே. இதில் ஒரு விதிவிலக்கு உண்டு. எங்கள் ஊர் வாசிப்பு வட்டத்தில் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் இருக்கிறார். எதையாவது பரிந்துரையுங்கள் ஐயா என்று கேட்டால், "நீங்க எதைத் தெரிஞ்சுக்கணும்னு நினைக்கிறீங்க?" என்று திருப்பிக் கேட்பார். அப்படிக் கேட்கத் தெரிந்த ஒருவர் உங்கள் ஊரில் இருந்தால், இந்தக் கட்டுரையை இங்கேயே நிறுத்திவிட்டு அவரைப் போய்ப் பார்க்கலாம்.

அப்புறம் புத்தகக் கண்காட்சி. சென்னையில் தென்னிந்தியப் புத்தக விற்பனையாளர், பதிப்பாளர் சங்கமான பபாசி 1977-இலிருந்து நடத்திவருவது, பொங்கலை ஒட்டி வருவது. ஈரோட்டில் மக்கள் சிந்தனைப் பேரவை நடத்துவதற்கும் நெய்வேலிக்கும் தனி மதிப்பு உண்டு. இப்போது மாவட்டந்தோறும் அரசே நடத்துகிறது. பத்து சதவீதத் தள்ளுபடி, ஒரே கூரைக்குள் எல்லாப் பதிப்பகங்களும். கண்காட்சியில் கிடைக்கும் உற்சாகம் வேறெங்கும் கிடைக்காது என்பது உண்மை. ஆனால் அந்த உற்சாகத்தில் வாங்கினால் தப்பாகிவிடுகிறது. ஒரு வருடம் பதினொரு வரலாற்றுப் புத்தகங்களோடு வீட்டுக்கு வந்தேன். படித்துப் பார்த்தபோது அவற்றில் நான்கு, ஒரே மூல நூலைச் சுற்றிச் சுற்றி எழுதப்பட்டவை. அட்டைகள் மட்டும் வேறு வேறு.

அதன் பிறகு கண்காட்சிக்குப் போகும் முறையை மாற்றிக்கொண்டேன். வார நாளில், மதியம் போகிறேன். கூட்டம் மொய்க்கும் பெரிய அரங்குகளைக் கடைசிக்கு வைத்துவிட்டு, யாரும் நிற்காத அரங்குகளில் தொடங்குகிறேன். சாகித்திய அகாதெமி, நேஷனல் புக் டிரஸ்ட், உலகத் தமிழாராய்ச்சி நிறுவனம், தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம். அட்டை ஈர்க்காது, தாள் மங்கலாக இருக்கும், விலை மட்டும் நம்ப முடியாத அளவு குறைவு. மனிதர்களைப் பற்றிப் படிக்க நினைப்பவர்களுக்கு அகாதெமியின் 'இந்திய இலக்கியச் சிற்பிகள்' வரிசை நல்ல தொடக்கம். நூறு பக்க அளவில் ஒரு வாழ்க்கை முடிந்துவிடும், பிடித்தால் மேலே போகலாம். இன்னொன்று, அரங்குகளில் விலைப்பட்டியல் கேட்டு வாங்குங்கள். அரங்கில் அடுக்க இடமில்லாத பழைய தலைப்புகள் அதில்தான் இருக்கும். வீட்டில் உட்கார்ந்து பென்சிலால் குறித்துக்கொண்டு இன்னொரு நாள் போய் வாங்கினால், பதினொன்றுக்கு நான்கு வீணாகாது.

இனி நூலகம். இங்கே கொஞ்சம் நின்று பேச வேண்டும்.

விடுதலை பெற்ற இந்தியாவில் முதலில் பொது நூலகச் சட்டம் வந்தது அன்றைய சென்னை மாகாணத்தில், 1948-இல். அதற்குப் பின்னால் இருந்தவர் சீர்காழியில் பிறந்த எஸ். ஆர். ரங்கநாதன். நாம் கட்டுகிற சொத்து வரியோடு நூலக வரியும் சேர்ந்துதான் போகிறது. ஆக, கிளை நூலகம் நம் காசில் நடப்பது. அதை வேலைவாய்ப்புத் தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகளும் நாளிதழ் பார்க்கிற பெரியவர்களும் பயன்படுத்துகிற அளவுக்கு மற்றவர்கள் பயன்படுத்துவதில்லை என்பது என் வருத்தம்.

நான் கிளை நூலகத்தில் வரலாற்று அலமாரிக்குப் போய் முதல் தட்டிலிருந்து கடைசித் தட்டு வரை பார்த்தேன். தாது வருஷப் பஞ்சம் பற்றி ஒரு புத்தகமும் இல்லை. சோர்ந்து திரும்பியவன், பிறகுதான் நூலகங்கள் புத்தகங்களை எப்படிப் பிரித்து அடுக்குகின்றன என்று படித்தேன். ட்யூயி பகுப்பு முறையில் இந்திய வரலாறு 954-இல் இருக்கும். ஆனால் பஞ்சமும் உணவு வழங்கலும் 363.8. கூலித் தொழிலாளர்கள் 331. ஊரை விட்டு வேறு நாட்டுக்குப் போனவர்கள் 325. பஞ்சத்தைப் பாடிய கும்மிகளை நாட்டுப்புறவியல் என்று 398-இல் வைப்பார்கள். அந்தக் காலத்து அதிகாரி ஒருவரின் வாழ்க்கை வரலாறு 920-க்குப் போகும். ஒரே பஞ்சம், ஐந்தாறு அலமாரிகளில் சிதறிக் கிடக்கிறது! மனிதர்கள் ஓரிடம், வரலாறு ஓரிடம், சமூகம் ஓரிடம். வாழ்ந்தவர்களுக்கு அப்படிப் பிரிந்து நடக்கவில்லை, ஆனால் அலமாரிக்கு வேறு வழியில்லை. இது தெரிந்த பிறகு நூலகத்தில் என் நடையே மாறிவிட்டது. கேள்வியை எடுத்துக்கொண்டு அலமாரி அலமாரியாகப் போகிறேன். பலவகைப் புத்தகங்கள் வேண்டும் என்று நினைப்பவர்கள் இதைச் செய்து பார்க்க வேண்டும். ஒரே விஷயத்தைப் பொருளாதாரம் படித்தவர் ஒரு விதமாகவும், நாட்டுப்பாடல் சேகரித்தவர் வேறு விதமாகவும் சொல்வதைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படிக்கலாம்.

கிளை நூலகத்துக்கு எல்லைகள் உண்டு. அரசு மொத்தமாகப் புத்தகம் வாங்கும் நூலக ஆணையில் வாங்கப்பட்டவைதான் பெரும்பாலும் இருக்கும். வாங்காத ஆண்டுகள் தட்டில் ஓட்டையாகத் தெரியும். பெரிய தேடலுக்குப் பெரிய நூலகம் வேண்டும். சென்னையில் கோட்டூர்புரத்து அண்ணா நூற்றாண்டு நூலகமும் மதுரையில் 2023-இல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகமும் திறந்த தட்டுகளில் துழாவுவதற்கு அருமையான இடங்கள். பழையது வேண்டுமென்றால் எழும்பூர் கன்னிமாரா. 1896-இல் திறந்தது. 1954-ஆம் ஆண்டுச் சட்டப்படி இந்தியாவில் பதிப்பிக்கப்படும் ஒவ்வொரு நூலிலும் ஒரு பிரதி அங்கே வர வேண்டும். தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. செட்டிநாட்டுக் கோட்டையூரில் விளம்பரப் பலகை எழுதும் ஓவியராக இருந்தவர், வாழ்நாள் முழுவதும் சேர்த்த சேகரிப்பு அது. நாடகப் பாட்டுப் புத்தகம், திருமண அழைப்பிதழ் என்று மற்றவர்கள் எறிந்ததையும் சேர்த்தார். ஆனால் அது கேள்வியோடு போக வேண்டிய இடம். என்ன வேண்டும் என்று சொல்லத் தெரியாமல் போனால் பயனில்லை. அதனால் ஆராய்ச்சி நூலகத்தை நான் தேடலின் கடைசிப் படியாக வைத்திருக்கிறேன், முதல் படியாக அல்ல.

வெளியூரில் இருப்பவர்களுக்கு இத்தனையும் எட்டாது. அவர்களுக்கு மின்நூலகங்கள்.

தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் தமிழ் மின்நூலகம், 1998-இல் தொடங்கிய மதுரைத் திட்டம், இன்டர்நெட் ஆர்க்கைவ், ஈழத்து நூல்களுக்கு 2005-இல் தொடங்கிய நூலகம் நிறுவனத்தின் தளம். காசு வேண்டாம், பேருந்து வேண்டாம். ஆசிரியர் இறந்து 60 ஆண்டுகள் கடந்தவையும் அரசு நாட்டுடைமை ஆக்கியவையும் பெருமளவு கிடைக்கின்றன. என் தேடலில் பெரிய பாய்ச்சல் இங்கேதான் நடந்தது. பஞ்சத்தின்போது 'மெட்ராஸ் டைம்ஸ்' இதழின் ஆசிரியராக இருந்த வில்லியம் டிக்பி 1878-இல் இரண்டு தொகுதிகளாக எழுதிய ஆங்கில நூல் அப்படியே கிடைத்தது. நிவாரண வேலைக்கு வந்த ஆண் ஆளுக்கு நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் ஓர் அணாவும் என்று இந்திய அரசின் பஞ்சப் பிரதிநிதியாக வந்த ரிச்சர்ட் டெம்பிள் கூலியைக் குறைத்ததும், அது உயிர் வாழவே போதாது என்று மாகாணத்தின் சுகாதார ஆணையர் கார்னிஷ் எதிர்த்துப் போராடியதும் அந்தக் காலத்து ஆவணங்களில் விரிவாக இருக்கின்றன. ஒரு பவுண்டு என்பது சுமார் 450 கிராம். மண் வெட்டிச் சுமக்கிற ஆளுக்கு! சென்னையில் அடையாற்றையும் கூவத்தையும் இணைக்கும் பக்கிங்காம் கால்வாய்ப் பகுதி அப்படி வந்த மனிதர்கள் வெட்டியதுதான். மக்கள்தொகைக் கணக்கெடுப்பு அறிக்கைகளையும் இறக்கிப் பார்த்தேன். சேலம் மாவட்டத்தில் 1871-இல் சுமார் 19.6 லட்சம் பேர். 1881-இல் சுமார் 16 லட்சம் பேர். அந்த இரண்டு எண்களையும் அடுத்தடுத்துப் பார்த்த இரவு பாட்டியின் சொல்லுக்கு முதன்முறையாக எடை கூடியது.

மின்நூலகத்தின் குறைகளையும் சொல்ல வேண்டும். பெரும்பாலானவை பக்கங்களின் படங்கள். உள்ளே சொல்லைத் தேட முடியாது. எழுத்தைப் படித்துத் தரும் மென்பொருள்கள் 1978-இன் எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முந்தைய ணை, லை, றா வடிவங்களில் தடுமாறுகின்றன. தேடுகிற சொல்லிலும் சிக்கல் உண்டு. தாது வருடம், தாது வருஷம், தாது வருசம், தாது ஆண்டு என்று ஒவ்வொருவர் ஒவ்வொரு விதமாக எழுதியிருப்பார்கள். பஞ்சத்தை அந்தக் கால நூல்கள் க்ஷாமம் என்கின்றன. கொங்குப் பக்கம் கரிப்பு, கருப்பு. இந்தச் சொற்களை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகத் தேடிய பிறகுதான் பாதி விஷயங்கள் கிடைத்தன. இன்னொரு குறை, பழையது நிறைய, புதியது குறைவு. இந்தப் பஞ்சத்தைப் பற்றிக் கடந்த முப்பது ஆண்டுகளில் ஆய்வாளர்கள் என்ன சொல்கிறார்கள் என்பதை மின்நூலகத்தை மட்டும் நம்பியிருப்பவர் தெரிந்துகொள்ள முடியாது. வெள்ளை அதிகாரியின் கண்ணிலேயே பஞ்சத்தைப் பார்த்துவிட்டு முடித்துவிடுவார்.

பழைய புத்தகக் கடைகளைப் பற்றிச் சுருக்கமாக. மூர் மார்க்கெட் 1985-இல் எரிந்த பிறகும் சென்னையில் அந்த வியாபாரம் அருகிலேயே தொடர்ந்தது. திருவல்லிக்கேணி நடைபாதையும் கோவை உக்கடமும் இன்னும் இருக்கின்றன. குறிப்பிட்ட புத்தகத்தை அங்கே தேடிப் போவது வீண் அலைச்சல். ஆனால் மலர்கள் கிடைக்கும். கும்பாபிஷேக மலர், பள்ளி நூற்றாண்டு மலர், சங்க மாநாட்டு மலர், கூட்டுறவு வங்கிப் பொன்விழா மலர். எந்த நூலகமும் வாங்காதவை, எந்தத் தளமும் ஏற்றாதவை. ஊர் வரலாறும் குடும்பங்களின் கதையும் அவற்றில் கொட்டிக் கிடக்கின்றன. மிகைப்படுத்தல் இருக்கும், அதைக் கழித்துப் படிக்க வேண்டும். இருபது ரூபாய்க்கு வாங்கிய மலர் ஒன்றில், பஞ்ச காலத்தில் வெட்டிய குளம் என்று எங்கள் பக்கத்து ஊர்க் குளம் ஒன்றைப் பற்றி நான்கு வரி இருந்தது.

எல்லாவற்றையும் விட எனக்கு அதிகம் கொடுத்தது எது என்று கேட்டால், ஒரு நல்ல புத்தகத்தின் கடைசிப் பத்துப் பக்கங்கள் என்பேன். துணைநூற்பட்டியல், அடிக்குறிப்பு, சொல்லடைவு. ஒருவர் பத்து ஆண்டுகள் உழைத்து ஒரு நூல் எழுதுகிறார். அவர் எந்த எந்தப் புத்தகங்களைத் தேடிப் போனார் என்பதை நமக்கு இலவசமாக எழுதி வைத்துவிட்டுப் போகிறார். அதை விடப் பெரிய பரிந்துரை என்ன இருக்கிறது? கொங்கு வரலாறு பற்றிய நூல் ஒன்றின் துணைநூற்பட்டியலில்தான் புலவர் செ. இராசு பஞ்சக் கும்மிகளைத் தொகுத்துப் பதிப்பித்திருப்பது தெரியவந்தது. அறிக்கைகளில் எண்ணிக்கையாக இருந்தவர்கள் கும்மியில் ஆளாக வந்தார்கள். பாத்திரத்தை விற்றவர்கள், கிழங்கு தோண்டித் தின்றவர்கள், பிள்ளையை விட்டுவிட்டுப் போனவர்கள். அங்கிருந்து இன்னொரு அடிக்குறிப்பு, வில்லியப்ப பிள்ளையின் 'பஞ்சலட்சணத் திருமுக விலாசம்'. பஞ்சத்தில் தவிக்கும் மக்களைக் காக்கச் சொல்லி மதுரைச் சொக்கநாதரே சிவகங்கை ஜமீனுக்குத் திருமுகம் எழுதுவதாக அமைந்த செய்யுள் நூல். கடவுள் கடிதம் எழுத வேண்டிய நிலைமை வந்துவிட்டது என்று ஒரு புலவர் நினைத்திருக்கிறார் என்பதே அந்தக் காலத்தைப் பற்றி எவ்வளவோ சொல்கிறது.

இன்னொரு அடிக்குறிப்பு கடல் தாண்டி அழைத்துப் போனது. பஞ்சத்தில், தோட்ட வேலைக்கு ஆள் சேர்த்துக் கூட்டிப்போகும் கங்காணிகளின் பின்னால் இலங்கைக் காப்பித் தோட்டங்களுக்கு நடந்தவர்கள் பல்லாயிரம் பேர். படகில் மன்னார்க் கரை இறங்கி, காட்டு வழியே மாத்தளைக்கு நடந்து, வழியிலேயே செத்தவர்கள் ஏராளம். அதைத் தேடியபோதுதான் இலங்கையின் தோட்டப் பகுதியான மலையகத்தின் சி. வி. வேலுப்பிள்ளை தோட்டத்து மக்களின் பாடல்களைத் தொகுத்திருப்பது தெரிந்தது. சேலத்தில் குறைந்த மூன்றரை லட்சத்தில் செத்தவர்களோடு நடந்து போனவர்களும் இருந்திருப்பார்கள் என்பது அப்போதுதான் உறைத்தது. வரலாறு என்று தொடங்கிய தேடல் மலையகச் சமூகம் பற்றிய தேடலாக மாறிவிட்டது. எந்தக் கடையும் எந்தப் பட்டியலும் என்னை இந்த வளைவில் திருப்பியிருக்காது.

இந்த வழிக்கும் ஒரு ஆபத்து உண்டு. ஒரே சிந்தனைப் பள்ளியைச் சேர்ந்தவர்கள் ஒருவரையொருவர் மேற்கோள் காட்டிக்கொண்டே போவார்கள். பட்டியலைப் பிடித்துக்கொண்டு போனால் அந்த வட்டத்துக்குள்ளேயே சுற்றுவோம். அதற்கு மருந்து நூலகத்தின் திறந்த தட்டு. நான் தேடாத புத்தகம், தேடிய புத்தகத்துக்குப் பக்கத்தில் இருக்கும். அப்புறம், தமிழில் வருகிற ஜனரஞ்சக வரலாற்று நூல்கள் பலவற்றில் துணைநூற்பட்டியலே இருப்பதில்லை. இப்போதெல்லாம் கண்காட்சியில் எந்த வரலாற்றுப் புத்தகத்தை எடுத்தாலும் முதலில் பின்னட்டையிலிருந்து உள்ளே புரட்டுகிறேன். எங்கிருந்து எடுத்தேன் என்று சொல்லாதவரின் புத்தகத்தை, எவ்வளவு சுவையாக எழுதியிருந்தாலும், வரலாறு என்று வாங்குவதில்லை. நினைவுக் குறிப்புக்கும் தன்வரலாற்றுக்கும் இந்த விதி கிடையாது. அங்கே எழுதுகிறவரே மூலம்.

சரி, நீங்கள் எந்த வழியை எடுப்பது? இன்னும் கேள்வியே இல்லை, பொதுவாக நல்லதாகப் படிக்க வேண்டும் என்றால் பெரிய நூலகத்தின் திறந்த தட்டுதான். அரை நாள் கையில் எடுத்துக்கொண்டு 300-இலிருந்து 390 வரையும் பிறகு 920-லிருந்து 954 வரையும் நடந்து பாருங்கள், ஏதோ ஒன்று உங்களைப் பிடித்து நிறுத்தும். கேள்வி இருக்கிறது, நூலகம் தூரம் என்றால் மின்நூலகத்தில் தொடங்குங்கள், ஆனால் அதோடு நின்றுவிடாமல் அண்மைக் காலத்து ஆய்வு நூல் ஒன்றையாவது காசு கொடுத்து வாங்கி அதன் பின்பக்கங்களைப் படியுங்கள். மாதம் ஐந்நூறு ரூபாய்தான் புத்தகத்துக்கு ஒதுக்க முடியும் என்றால் மாதாமாதம் செலவழிக்காமல் சேர்த்து வைத்து, குறித்து வைத்த பட்டியலோடு கண்காட்சிக்குப் போவது மேல். சொந்த ஊரைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டுமா? பழைய புத்தகக் கடை, அதிலும் மலர்கள். நான்கு நாட்கள் சென்னையில் தங்க முடிகிற ஒருவருக்கு, அதுவும் குறிப்புகளோடு வருகிறவருக்கு மட்டும், கன்னிமாராவும் ரோஜா முத்தையாவும்.

நான் இப்போது மாத்தளை வழியில் நிற்கிறேன். நூலகம் தளத்தில் மலையகம் பற்றி ஏற்றியிருப்பவற்றை ஒவ்வொன்றாகப் படித்து வருகிறேன். போன வாரம் ஒரு பழைய கட்டுரையின் அடிக்குறிப்பில் ஒரு தலைப்பு கிடைத்திருக்கிறது. எங்கள் கிளை நூலகத்தில் இல்லை. நூலகர் அம்மா, "மாவட்ட மைய நூலகத்துல கேட்டுச் சொல்றேன் தம்பி, எண்ணை மட்டும் எழுதிக் குடுத்துட்டுப் போங்க" என்றார். எழுதிக் கொடுத்திருக்கிறேன்: 325.